எருமைக்கு நட்டமில்லைதான்

சனிக்கிழமை வட்டையில், அதாவது வயல்வெளியில், எருமை மிதித்த ஆட்காட்டிக் குருவியின் முட்டைகளைப் படமெடுத்துப் போட்டிருந்தேன். அந்தப் படத்தைப் பற்றி இனிப் பேசுவதில்லை என்றுதான் இருந்தேன். ஆனால் "எருமைக்கு லாபமும் இல்ல நட்டமும் இல்ல, வேணுமெண்டா மிதிச்சது, இதுக்குப் போய் ஒப்பாரியா" என்று ஒருவர் எழுத, அதற்கு அத்தனை பேர் சிரித்துவிட்டுப் போனதைப் பார்த்த பிறகு மனம் ஆறவில்லை.

எருமைக்கு நட்டமில்லை, சரி. ஆட்காட்டிக்கு நட்டம். அவ்வளவுதான் நான் சொன்னது.

சூழலியலில் இதற்குப் பெயரே இருக்கிறது: அமென்சலிசம். ஓர் உயிருக்குக் கேடு, மற்றதற்கு ஒன்றுமே இல்லை. கால்நடைகளின் காலில் மிதிபடும் பூச்சியும் புல்லும்தான் பாடத்தில் வரும் வழக்கமான உதாரணம். ஒன்றுக்குக் கழித்தல், மற்றதற்குப் பூச்சியம் என்று குறி போடுவார்கள். நீங்கள் அந்தப் பூச்சியத்தை மட்டும் பார்க்கிறீர்கள்.

தம்பி, நரி முயலைத் தின்கிறது. முயல் குறைந்தால் நரியும் பட்டினி கிடந்து குறையும், முயல் கொஞ்சம் மூச்சு விடும். எருமைக்கு அப்படி ஒன்றும் இல்லை. இந்த வட்டையில் ஓர் ஆட்காட்டிகூட மிஞ்சாமல் போனாலும் அதற்கு ஒரு வாய்ப் புல் குறையாது. நட்டமில்லாததால்தான் அதை நிறுத்தவும் ஒன்றுமில்லை. இதைவிடப் பயப்பட வேறென்ன வேண்டும்?

நான் எருமை மந்தை வைத்திருக்கும் பட்டிக்காரருக்கு எதிரி என்றும் ஒருவர் சொல்லியிருக்கிறார். அது சுட்டது. மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் பட்டி வைத்திருந்த வீட்டில் பிறந்தவள் நான், எருமைத் தயிரில் வளர்ந்தவள். நெல் வெட்டு முடிந்த வட்டைக்குப் பட்டியை இறக்குமுன் அப்பா நடந்து பார்த்துவிட்டு வருவார், ஒருநாள் என்னையும் கூட்டிப் போனார். ஆட்காட்டி கூடு கட்டாது. வெறுந்தரையில் சின்னப் பள்ளம், சுற்றிவரப் பரல்கல்லும் காய்ந்த சாணித் துண்டும், நடுவில் மண்நிறத்தில் கரும்புள்ளி போட்ட முட்டைகள். கூர்முனை நான்கும் உள்ளே பார்த்தபடி இருந்தன. நான் கால் வைக்கப் போய்விட்டேன். அப்பா தோளைப் பிடித்து நிறுத்தி, முள்ளுக் கொப்பு நாலு வெட்டிச் சுற்றிவரக் குத்தினார். "மறுகா பட்டி விலகிப் போகும்" என்றார், போனது. அதற்கு எருமையோடு சண்டை பிடிக்கத் தேவைப்படவில்லை.

மாட்டின் பின்னால் கொக்கு பூச்சி பிடித்துத் தின்கிறதே என்று கேட்டவருக்கு: உண்மைதான், கொக்குக்கு லாபம். கொக்கின் லாபம் ஆட்காட்டியின் கணக்கில் சேருமா?

மேய்ச்சல் தரையே இல்லாமல் பட்டிகள் அலைகின்றன என்றார்கள். அதுவும் உண்மை, அந்த வலி எனக்கும் தெரியும். ஆனால் முட்டை மிதிபட்டதற்கு அது பதில் இல்லை.

வெயிலில் அந்தக் குருவி வயிற்றை நீரில் நனைத்து வந்து முட்டையைக் குளிர்விக்கும். ஏறக்குறைய நான்கு கிழமை அடைகாக்கும். எருமை கிட்ட வந்தால் சிறகை விரித்துக்கொண்டு எதிரே நிற்கும், தன் உயரம் எருமையின் முழங்காலுக்கும் வராது என்பதை அது பார்ப்பதில்லை. சனிக்கிழமையும் அப்படித்தான் நின்றது. எருமை தலையைக்கூடத் திருப்பவில்லை.

வேணுமென்று செய்யவில்லை, வேணுமென்று செய்யவில்லை. வெட்டு மெசின்காரரும் இதைத்தான் சொல்கிறார், வாவிக்குள் மண் கொட்டி நிரப்புகிறவரும் இதைத்தான் சொல்கிறார். எங்கள் பக்கத்துச் சனத்துக்கு இந்த வசனம் புதிதா? எத்தனை தரம் கேட்டிருக்கிறோம், மிதிபட்டவர்களாக நின்று? அதைக் கேட்டு வளர்ந்த நாமே இன்று ஒரு குருவியைப் பார்த்து அதையே சொல்கிறோம்.

இன்று காலை வரம்புக்கு அந்தப் பக்கம் இன்னொரு பள்ளம் கண்டேன். இரண்டு முட்டை. கொப்பு குத்திவிட்டு வந்திருக்கிறேன். பின்னேரம் பட்டி அந்த வழியாகத்தான் திரும்பும்.