கொள்ளைக்காரன் படத்துக்கு ஏன் தடை?

உலகின் முதல் முழுநீளக் கதைப்படமாகச் சொல்லப்படுவது ஒரு கொள்ளைக்காரனின் கதை. 1906 டிசம்பரில் மெல்பேர்னில் திரையிட்ட 'கெல்லி கும்பலின் கதை'. அந்தக் கொள்ளைக்காரன் நெட் கெல்லியை 1880இல் தூக்கில் போட்டார்கள். படம் வந்தபோது அவனைப் பெற்றவள் உயிரோடு இருந்தாள்.

ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடிய படத்தில் இன்று மிஞ்சியிருப்பது கால்வாசிதான். கலப்பைத் தகட்டில் அடித்த கவசத்தோடு கெல்லி பொலிசை எதிர்கொள்ளும் காட்சி அதில் இருக்கிறது. பிலிம் அரித்து, ஆளைச் சுற்றிக் கறை கறையாகக் கொதிக்கிறது. அப்படியும் கண்ணை எடுக்க முடியவில்லை.

கெல்லி திரிந்த வட்டாரத்து ஊர்களான பெனல்லாவிலும் வங்கராட்டாவிலும் 1907இல் படத்துக்குத் தடை. 1912இல் நியூ சவுத் வேல்ஸ் பொலிஸ் இந்த வகைப் படங்களையே மொத்தமாக நிறுத்தியது. பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று சொன்ன காரணத்தை நான் நம்பவில்லை. துப்பாக்கியின் மறுபக்கத்தில் நிற்பவனின் கண்ணால் ஜனங்கள் பொலிசைப் பார்த்துவிட்டார்கள், பயம் அதற்குத்தான்.

சரி, நமக்கு ஏன் இது? கண்டியிலிருந்து கொழும்புக்கு பஸ்ஸில் இறங்கும்போது மாவனல்லைப் பக்கம் தெரிகிற உத்துவன்கந்த மலை, இந்த வழியில் கொள்ளையடித்த சரதியேலின் மலை. கோப்பி மூட்டை ஏற்றிய மாட்டு வண்டிகள் இந்த ரோட்டில் போன காலம் அது. ரயில் கண்டிக்கு வந்ததே 1867இல்தான். மலையில் அந்தக் கோப்பியைப் பறித்தது நம் பாட்டன் பூட்டன்கள். கடைசியில் 1864 மார்ச் 21இல் சரதியேலை மாவனல்லையில் சுற்றிவளைத்தார்கள். மே 7இல் கண்டியில் தூக்கு. கூடவே தூக்கிலேறியவர் அவனுடைய முஸ்லிம் கூட்டாளி மம்மாலி மரிக்கார். பிடிக்கப் போன இடத்தில் சூடுபட்டு இறந்தவர் மலாய்க்காரரான கான்ஸ்டபிள் சபான். இன்றும் மார்ச் 21 பொலிஸ் வீரர் தினம்.

சிங்களத்தில் சரதியேலைப் படமாக எடுத்திருக்கிறார்கள். தமிழிலும் ஒன்று வர வேண்டும், அதுவும் மலையகத்துப் பிள்ளைகள் கையால். சபானை வெறும் வில்லனாக்கிவிடக் கூடாது. கெல்லி கும்பல் சுட்டுக் கொன்ற மூன்று பொலிஸ்காரர்களில் இருவருக்கு மனைவி பிள்ளைகள் இருந்தார்களே! தடை போட்டவர்கள் ஒரு பக்கத்தை மறைத்தார்கள் என்பதற்காக நாம் மறுபக்கத்தை மறைக்க முடியாது.

சிங்களவன், முஸ்லிம், மலாய்க்காரர், தோட்டத்துத் தமிழன் எல்லாரும் ஒரே ரோட்டில் நிற்கிற கதை இந்த நாட்டில் வேறு எங்கே கிடைக்கும்? குறும்படம் எடுக்கிற தம்பி தங்கச்சிகளே, இதைக் கையில் எடுங்கள். கோப்பி வண்டியிலிருந்து தொடங்கலாம்.