சுரங்கம் முதலில், தேவாலயம் பிறகு

மெக்சிகோவின் பழைய ஸ்பானிய நகரங்களைப் பார்க்கக் குழுச் சுற்றுலாவில் போகலாமா, தனியாகப் போவது நல்லதா? என் பயணப் படங்களைப் பகிர்ந்த நாளிலிருந்து நண்பர்கள் இதையே கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். தனித்தனியாகப் பதில் எழுதுவதைவிட இங்கேயே விரிவாகச் சொல்லிவிடுகிறேன். வழிகாட்டியுடன் போங்கள். ஆனால் நிறுவனம் நீட்டுகிற பயண நிரலை அப்படியே வாங்கிக்கொள்ளாதீர்கள். அந்த நிரல்கள் மேல் எனக்குக் கோபம் இருக்கிறது. இந்தப் பதிவு பெரும்பாலும் அந்தக் கோபத்தைப் பற்றியதுதான்.

கைபேசி போதும், வழிகாட்டி எதற்கு என்று கேட்கும் நண்பர்கள் எனக்கு உண்டு. கடற்கரைக்கும் காட்டுக்கும் அவர்கள் சொல்வது சரியாக இருக்கலாம். 1521 முதல் 1821 வரை, முந்நூறு ஆண்டு ஸ்பானிய ஆட்சியில் எழுந்த நகரங்களுக்கு அது சரிவராது. குவானஹுவாட்டோ நகரின் விளிம்பில் சான் கப்ரியேல் தெ பரேரா என்றொரு மாளிகை இருக்கிறது. இன்று அது தோட்டங்களுக்குப் பேர்போன அருங்காட்சியகம். தனியாகப் போகிறவர் கொடிகளுக்கும் நீரூற்றுகளுக்கும் நடுவே படம் எடுத்துக்கொண்டு மகிழ்ச்சியாகத் திரும்பி வருவார். 17ஆம் நூற்றாண்டில் அங்கே தாதுவிலிருந்து வெள்ளியைப் பிரித்தார்கள் என்பதை அந்தப் பூக்களா சொல்லும்? பக்கத்தில் நின்று ஒருவர் சொல்ல வேண்டும்.

வெள்ளி எப்படிப் பிரிந்தது என்று தெரியாமல் இந்த நகரங்களில் எதுவுமே விளங்காது. அதனால் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். 1546இல் சகத்தேகாஸில் வெள்ளி கண்டுபிடிக்கப்பட்டது. தொடக்கத்தில் தாதுவை உலையில் இட்டு உருக்கினார்கள். அதற்கு வளமான தாது வேண்டும், மலை மலையாக விறகும் வேண்டும். 1554 வாக்கில் ஸ்பெயினின் செவில் நகரத்து வணிகர் பர்த்தொலொமே தெ மெதினா, மெக்சிகோவின் பச்சூக்காவில் பாதரசத்தைக் கொண்டு வெள்ளியைப் பிரிக்கும் முறையை நிறுவினார். நொறுக்கிய தாதுவை முற்றத்தில் சேறாகப் பரப்புவார்கள். உப்பும் பாதரசமும் கலப்பார்கள். பிறகு கோவேறு கழுதைகளை வாரக்கணக்கில் அதன் மேல் நடக்க விடுவார்கள். நாற்று நடுவதற்கு முன் சேடை வயலில் மாடுகளை விட்டு மிதிக்க வைப்பது போலத்தான், ஆனால் இங்கே கழுதைகள் மிதித்தது விஷத்தை. வெள்ளி பாதரசத்தோடு சேர்ந்ததும் கழுவி எடுத்துச் சூடாக்குவார்கள். பாதரசம் ஆவியாகிப் போகும், வெள்ளி மிஞ்சும். ஆவியைச் சுவாசித்த தொழிலாளர்களுக்குக் கை நடுக்கம் வந்தது, பல் உதிர்ந்தது.

இந்த ஒரு மாற்றத்தால் வளம் குறைந்த தாதுவும் இலாபம் தரும் பொருளாயிற்று. பாதரசம் பெரும்பாலும் ஸ்பெயினின் அல்மதேன் சுரங்கத்திலிருந்து கப்பலில் வந்தது. அதன் விற்பனை அரசரின் தனியுரிமை. எந்த ஆலை எவ்வளவு பாதரசம் வாங்கியது என்பதை வைத்தே அது எவ்வளவு வெள்ளி எடுத்திருக்கும், எவ்வளவு வரி வர வேண்டும் என்று அதிகாரிகள் கணக்குப் போட்டார்கள்.

இப்போது வழக்கமான நிரலைப் பாருங்கள். மெக்சிகோ நகரத்தில் தொடங்கி கெரெத்தாரோ, சான் மிகெல் தெ அயேந்தே, குவானஹுவாட்டோ, சில வேளைகளில் சகத்தேகாஸ் அல்லது மொரேலியா என்று போகும். கெரெத்தாரோவில் 74 வளைவுகள் கொண்ட நீர்ப்பாலம். சான் மிகெலில் இளஞ்சிவப்புக் கல்லில் எழுந்த தேவாலயம். எல்லாம் அழகுதான், நானும் வாய் பிளந்து பார்த்தேன். ஆனால் ஒவ்வோர் ஊரிலும் முதலில் தேவாலயம், அடுத்து சதுக்கம், பிறகு கடைத்தெரு என்றே கூட்டிப் போகிறார்கள். நேரம் மிஞ்சினால்தான் சுரங்கம். பல நிரல்களில் சுரங்கமே கிடையாது. இந்த வரிசையைத் தலைகீழாக்க வேண்டும் என்பதுதான் என் கட்சி.

குவானஹுவாட்டோவுக்கு மேலே வலென்சியானா என்ற குன்றுப் பகுதி இருக்கிறது. 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அங்கிருந்த சுரங்கம் உலகின் மிக வளமான வெள்ளிச் சுரங்கங்களில் ஒன்று. அதன் உரிமையாளர் வலென்சியானா பிரபு கட்டத் தொடங்கிய சான் கயத்தானோ தேவாலயம் 1788இல் முடிந்தது. உள்ளே தரையிலிருந்து கூரைவரை பொன் தகடு வேய்ந்த பீட மாடங்கள். எங்கள் பேருந்து நேரே தேவாலய வாசலில் நின்றது. நானும் உடன் வந்த சிலரும் பிடிவாதமாகக் கேட்ட பிறகுதான், அந்த ஊர் வழிகாட்டி அம்மையார் எங்களை முதலில் பக்கத்திலிருந்த சான் ரமோன் சுரங்க வாய்க்கு அழைத்துப் போனார். ஓய்வு பெற்ற ஆசிரியை அவர். ஈரம் கசியும் குறுகிய படிகளில் இறங்கும்போது, இங்கே ஜெர்மன் அறிஞர் ஹம்போல்ட் 1803இல் வந்து பார்த்து எழுதியதைச் சொன்னார். நூறு கிலோவும் அதற்கு மேலும் எடையுள்ள தாது மூட்டையை முதுகில் சுமந்து, சுமையாட்கள் ஆயிரக்கணக்கான படிகளில் ஒரு நாளைக்குப் பலமுறை ஏறி இறங்கியிருக்கிறார்கள். வலென்சியானாவின் பெரிய செங்குத்துக் குழியின் ஆழம் ஏறத்தாழ 500 மீட்டர். சுற்றுலாக்காரர்கள் இறங்குவது அதில் ஒரு சிறு பங்குகூட இல்லை. அதற்கே எனக்கு மூச்சு வாங்கியது. மேலே வந்து தேவாலயத்துக்குள் நுழைந்தபோது அந்தப் பொன் தகடுகளை என்னால் வெறும் அழகாகப் பார்க்க முடியவில்லை. ஒவ்வொரு தகடுக்கும் பின்னால் ஒரு முதுகு தெரிந்தது.

அதே அம்மையார் இன்னொன்றையும் அழுத்திச் சொன்னார். இந்தச் சுரங்கங்களில் 18ஆம் நூற்றாண்டில் வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் கூலி பெற்ற சுதந்திரத் தொழிலாளர்கள். கூலியோடு தாதுவில் ஒரு பங்கும் அவர்களுக்கு உண்டு. பச்சூக்காவுக்கு அருகே ரெயால் தெல் மோந்தேயில் உரிமையாளர் பேத்ரோ ரொமேரோ தெ தெரேரோஸ் அந்தப் பங்கைப் பறிக்கப் பார்த்தபோது, 1766இல் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். அமெரிக்கக் கண்டத்தின் மிகப் பழைய வேலைநிறுத்தங்களில் ஒன்று அது. அரசு அனுப்பிய சட்ட அறிஞர் விசாரித்துப் பங்கு முறையை மீண்டும் உறுதி செய்தார். அடுத்த ஆண்டு குவானஹுவாட்டோவே கொந்தளித்தது. புதிய வரிகள், புகையிலையில் அரசின் ஏகபோகம், இயேசு சபைத் துறவிகளை நாடு கடத்திய ஆணை எல்லாம் சேர்ந்துகொண்டன. அதை ஸ்பானிய அரசர் அனுப்பிய ஆய்வு அதிகாரி ஹொசே தெ கால்வெஸ் மிகக் கொடூரமாக அடக்கினார். பாவம் அடிமைகள், துன்பப்பட்டார்கள் என்று ஒரே வாக்கியத்தில் முடித்துவிடும் வழிகாட்டிகள் அந்த மக்களின் போராட்டத்தையும் சேர்த்து அழித்துவிடுகிறார்கள். அது எனக்குப் பொறுக்கவில்லை.

அடுத்து அலோந்திகா. மெக்சிகோ பயணத்தில் ஒரே ஒரு கட்டடத்தைத்தான் பார்க்க முடியும் என்றால் நான் இதைத்தான் சொல்வேன். இது ஒரு தானியக் களஞ்சியம். 1785, 86ஆம் ஆண்டுகளில் இந்தப் பகுதியைக் கடும் பஞ்சம் வாட்டியது. மறுபடியும் அப்படி நேராமல் மக்காச்சோளத்தைச் சேமித்து வைக்க, ஆளுநர் ரியாஞோவின் காலத்தில் கட்டத் தொடங்கி 1809இல் முடித்தார்கள். மறு ஆண்டு செப்டம்பர் 16ஆம் தேதி தொலோரெஸ் ஊரின் பங்குத்தந்தை மிகெல் இதால்கோ கிளர்ச்சிக்கு அழைப்பு விடுத்தார். அந்த ஆண்டுகளிலும் மழை பொய்த்திருந்தது, மக்காச்சோளம் விலை ஏறியிருந்தது. செப்டம்பர் 28ஆம் தேதி பல்லாயிரம் பேர் குவானஹுவாட்டோவுக்குள் வந்தார்கள். வலென்சியானா சுரங்கத் தொழிலாளர்களும் அவர்களோடு சேர்ந்தார்கள். ரியாஞோ ஊரின் ஸ்பானியர்களையும் கருவூல வெள்ளியையும் இந்தக் களஞ்சியத்துக்குள் கொண்டுபோய்க் கதவை அடைத்துக்கொண்டார். வெள்ளியும் தானியமும் ஒரே சுவருக்குள், பசித்தவர்கள் வெளியே.

பீப்பிலா என்ற தொழிலாளி முதுகில் கல் பலகையைக் கட்டிக்கொண்டு தவழ்ந்து போய்க் கதவுக்குத் தீ வைத்தார் என்று அந்த ஊர் நம்புகிறது. மலை மேல் அவருக்குப் பெரிய சிலை இருக்கிறது. கதவு விழுந்த பிறகு உள்ளே நடந்தது படுகொலை. அதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். எங்கள் அம்மையார் சொன்னார். மறு ஆண்டு கிளர்ச்சித் தலைவர்கள் இதால்கோ, அயேந்தே, அல்தாமா, ஹிமேனெஸ் நால்வரின் தலைகளும் இரும்புக் கூண்டுகளில் களஞ்சியத்தின் நான்கு மூலைகளிலும் தொங்கவிடப்பட்டன. 1821 வரை அங்கேயே தொங்கின. கொக்கிகளை இன்றும் காணலாம்.

இந்தக் கட்டடத்துக்கு எங்கள் நிரலில் அரை மணி நேரம். அதன்பின் வெள்ளி நகைக் கடைக்கு அதைப் போல இரு மடங்கு. நிறுவனத்தின் பெயர் வேண்டாம், இப்படித்தான் பலரும் செய்கிறார்கள். கடையிலிருந்து தரகு வருகிறது, வரலாற்றிலிருந்து வருவதில்லை.

அதே ஊரில் எல்லா நிரல்களும் தவறாமல் சேர்ப்பது மம்மி அருங்காட்சியகம். 1865 முதல் 1958 வரை, கல்லறை வரி கட்ட முடியாத குடும்பங்களின் உடல்களைத் தோண்டி எடுத்தார்கள். அங்குள்ள சூழலில் சில உடல்கள் அழுகாமல் உலர்ந்து போயிருந்தன. அவற்றைத்தான் கண்ணாடிப் பெட்டிகளில் வைத்துக் கட்டணம் வாங்கிக் காட்டுகிறார்கள். வரி கட்ட வழியில்லாத ஏழைகளின் உடலை வேடிக்கை பார்ப்பது எந்த வகையில் சுற்றுலா? நான் உள்ளே போகவில்லை. நீங்களும் போகாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

சான் மிகெலைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் கலைப்பள்ளிக்குப் படிக்க வந்த அமெரிக்க முன்னாள் படைவீரர்கள் சிலர் அங்கேயே தங்கினார்கள். இன்று ஊரில் பாதி ஆங்கிலத்தில் பேசுகிறது. ஒரு மாலைப்பொழுது போதும். மிஞ்சும் நேரத்தைப் பக்கத்திலுள்ள அதொதொநில்கோ திருத்தலத்துக்குக் கொடுங்கள். உட்சுவரும் கூரையும் முழுக்க ஓவியம். இதால்கோ குவாதலூப்பே அன்னை மரியாவின் கொடியை எடுத்துக்கொண்டு படை நடத்தியது அங்கிருந்துதான்.

இதெல்லாம் நமக்கு எதற்கு என்று என் மைத்துனர் கேட்டார். நியாயமான கேள்வி. சைதாப்பேட்டையில் அடையாற்றின் மேல் இருக்கும் மறைமலை அடிகள் பாலத்தைக் கடக்காத சென்னைக்காரர் யார்? அதே இடத்தில் முன்பு மர்மலாங் பாலம் இருந்தது. 1726இல் கோஜா பெட்ரூஸ் உஸ்கான் என்ற ஆர்மீனிய வணிகர் அதைத் தம் சொந்தப் பணத்தில் கட்டிக் கொடுத்தார். பரங்கிமலைப் படிக்கட்டுகளுக்கும் அவர்தான் பணம் கொடுத்தார். அவர் பொருள் ஈட்டியது மணிலா வணிகத்தில். அப்போது மணிலாவை ஆண்ட ஸ்பானியர்கள் ஆங்கிலேயக் கப்பல்களுக்கு அங்கே இடம் கொடுக்கவில்லை. அதனால் நம் கரையின் பருத்தித் துணி ஆர்மீனியர்கள் போன்றோரின் பெயரில் அங்கே போனது. விலையாகக் கிடைத்தது மெக்சிகோ நாணயச்சாலையில் அச்சான வெள்ளிப் பெசோ. 1565 முதல் 1815 வரை மெக்சிகோவின் அகபுல்கோ துறைமுகத்துக்கும் மணிலாவுக்கும் இடையே ஓடிய ஸ்பானியக் கப்பல்கள் அந்த வெள்ளியைக் கொண்டுவந்தன, திரும்பும்போது துணியும் பட்டும் ஏற்றிப் போயின. நம் நெசவாளர்கள் தறியில் போட்ட துணியை மெக்சிகோவில் யாரோ உடுத்தினார்கள். அங்கே யாரோ முதுகில் சுமந்து ஏற்றிய வெள்ளி இங்கே ஆற்றுப் பாலமாயிற்று.

அந்தக் கப்பல்களில் மனிதர்களையும் ஏற்றினார்கள். முகலாய நாட்டில் பிறந்த ஒரு சிறுமி கடற்கொள்ளையரிடம் பிடிபட்டு, கொச்சி வழியாக மணிலாவுக்கும் அங்கிருந்து அகபுல்கோவுக்கும் போய், புவெப்லா நகரில் அடிமையாக விற்கப்பட்டாள். கத்தரீனா தெ சான் ஹுவான் என்று பெயரிட்டார்கள். பின்னாளில் ஊரே தவசியாக மதித்த அவர் 1688இல் இறந்தார். அவரை அடக்கம் செய்தது அங்குள்ள இயேசு சபைத் தேவாலயத்தில். ஆசியாவிலிருந்து வந்த அடிமைகளுக்கு ஸ்பானிய அரசு சட்டப்படி விடுதலை அளித்தது 1672இல்தான். புவெப்லாவுக்குப் போகும் இந்தியர்கள் பலர் வண்ண ஓடுகளையும் அழகிய பழைய நூலகத்தையும் பார்த்துவிட்டு வருகிறார்கள். இவர் பெயரைக்கூட யாரும் அவர்களுக்குச் சொல்வதில்லை என்பது எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது.

சரி, எப்படிப் போவது? நகரங்களைக் குறைத்துக்கொண்டு, குவானஹுவாட்டோவில் குறைந்தது மூன்று இரவு தங்குங்கள். 2,000 மீட்டர் உயரம், எங்கு பார்த்தாலும் படிகள். பெற்றோரை அழைத்துப் போகிறவர்கள் முதல் நாளை ஓய்வுக்கு விடுங்கள். சைவர்கள் அவரையைக்கூடப் பன்றிக் கொழுப்பில் சமைத்தார்களா என்று கேட்டுச் சாப்பிடுங்கள். பாலாடைக்கட்டி வைத்து, மேலே உருளைக்கிழங்கும் கேரட்டும் தூவும் சுரங்கத் தொழிலாளர்களின் என்சிலாதா என்ற மக்காச்சோள ரொட்டிச் சுருள் அங்கே கிடைக்கும், நன்றாகவே இருக்கும். சகத்தேகாஸ் மேல் எனக்கு ஆசை அதிகம். ஆனால் அந்த மாநிலத்தில் அண்மை ஆண்டுகளாகக் கும்பல் வன்முறை கடுமையாக இருக்கிறது. நிலவரம் பார்த்து முடிவு செய்யுங்கள். அக்டோபரில் குவானஹுவாட்டோவில் செர்வந்தீனோ கலை விழா நடக்கும். இசைக்காகப் போகிறவர்களுக்கு அது கொண்டாட்டம். மற்றவர்கள் அந்த மாதத்தைத் தவிர்ப்பது நல்லது.

முன்பணம் கட்டுவதற்கு முன் நிறுவனத்திடம் எழுத்தில் பதில் வாங்குங்கள். ஒவ்வோர் ஊரிலும் அந்த ஊர்க்காரரே, அரசு உரிமம் பெற்ற வழிகாட்டியாக வருவாரா? வலென்சியானாவில் தேவாலயத்துக்கு முன் சுரங்கத்துக்கு அழைத்துப் போவார்களா? அலோந்திகாவுக்கு அரை நாள் உண்டா? நகைக் கடையை நீக்க முடியுமா? எங்கள் குழு கேட்டு வாங்கிய மாற்றங்களோடு கூடிய நிரல் என்னிடம் இருக்கிறது. வேண்டுவோர் கேளுங்கள், அனுப்பி வைக்கிறேன்.