கேட்டால் தருவார்களாம்

பல ஆய்வுக் கட்டுரைகளின் கடைசிப் பக்கத்தில் ஒரு வரி இருக்கும்: "தரவுகள், தகுந்த காரணத்தோடு கேட்டால் வழங்கப்படும்." அதை நம்பி நான் ஒருமுறை கேட்டுவிட்டேன். முதல் மின்னஞ்சலுக்குப் பதில் இல்லை. மூன்று வாரம் கழித்து நினைவூட்டினேன். ஒரு பிடிஎஃப் வந்தது. திறந்தால், கட்டுரையில் இருந்த அதே அட்டவணை, அதுவும் படமாக! ஒரு எண்ணைக்கூட நகலெடுக்க வழியில்லை. உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் தட்டச்சு செய்தேன்.

கணினியால் ஆராய்ச்சி வேகமாகிவிட்டது என்று எல்லோரும் சொல்கிறோம். சரி, ஆகித்தான் இருக்கிறது. எனக்கு அது இரண்டாம்பட்சம். ஒருவர் போட்ட கணக்கை முன்பின் தெரியாத இன்னொருவர் திறந்து வரி வரியாகச் சரிபார்க்க முடிகிறதே, அதைத்தான் பெரிய மாற்றமாக நினைக்கிறேன். முடியும் என்பது வேறு, விடுகிறார்களா என்பது வேறு.

2010-இல் கார்மென் ரெயின்ஹார்ட், கென்னத் ரோகாஃப் என்ற பெயர்பெற்ற பொருளியலாளர்கள் இருவர் ஒரு கட்டுரை எழுதினார்கள். நாட்டின் கடன் அதன் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 90 சதவீதத்தைத் தாண்டினால் வளர்ச்சி படுத்துவிடும் என்பது சாரம். அரசுகள் செலவைக் குறைக்க வேண்டும் என்றவர்களுக்கு அது நல்ல ஆயுதமாயிற்று. மாசசூசெட்ஸ் ஆம்ஹர்ஸ்ட் பல்கலைக்கழகத்தின் ஆய்வு மாணவர் தாமஸ் ஹெர்ன்டன், வகுப்புப் பயிற்சிக்காக அந்தக் கணக்கைத் திரும்பப் போட்டுப் பார்த்தார். விடை ஒத்துவரவே இல்லை. எக்செல் கோப்பைக் கட்டுரை எழுதியவர்களிடமே கேட்டார். கொடுத்தார்கள், அதற்கு அவர்களைப் பாராட்டத்தான் வேண்டும். சராசரிக்கான சூத்திரம் 30-ஆம் வரிசையில் தொடங்கி 49 வரை போக வேண்டியது, 44-இலேயே நின்றிருந்தது. ஆஸ்திரேலியா, ஆஸ்திரியா, பெல்ஜியம், கனடா, டென்மார்க் ஐந்தும் கணக்கிலேயே இல்லை. இதோடு சில ஆண்டுகளின் தரவு விடுபட்டிருந்தது, சராசரிக்கு எடை கொடுத்த விதமும் இடித்தது. எல்லாவற்றையும் திருத்தி 2013-இல் ஹெர்ன்டனும் அவருடைய பேராசிரியர்களும் வெளியிட்டபோது, 90 சதவீதத்தைத் தாண்டிய நாடுகளுக்கு −0.1 சதவீதம் என்றிருந்த சராசரி வளர்ச்சி 2.2 ஆனது. எக்செல் பிழையை ரெயின்ஹார்ட்டும் ரோகாஃபும் ஒப்புக்கொண்டார்கள்; முடிவை விட்டுக்கொடுக்கவில்லை. அது அவர்கள் உரிமை. கோப்பு கைமாறியிராவிட்டால் அந்த வாதமே நடந்திருக்காது.

எக்செல் என்றதும் மரபணுக்காரர்கள் சிரிப்பார்கள். செப்ட்2, மார்ச்1 என்று மரபணுக்களுக்குப் பெயர் வைத்திருந்தார்கள். கட்டத்தில் அடித்தால் எக்செல் அதைத் தேதி என்று எடுத்துக்கொண்டு செப்டம்பர் 2, மார்ச் 1 ஆக்கிவிடும். எக்செல் பட்டியலோடு வந்த மரபணுக் கட்டுரைகளில் ஏறத்தாழ ஐந்தில் ஒன்றில் இந்த வகைப் பிழை இருப்பதாக 2016-இல் ஓர் ஆய்வு சொன்னது. கடைசியில் இறங்கி வந்தது அறிவியல்தான்: 2020-க்குள் மரபணுக்களின் பெயரையே செப்டின்2, மார்ச்எஃப்1 என்று மாற்றிவிட்டார்கள்.

ஊராரை மட்டும் சொல்வானேன். சில ஆண்டுகளுக்கு முன் நான் நடத்திய ஒரு கருத்துக்கணிப்பின் கோப்பைப் போன வருடம் திறந்தேன். 'க7' என்று ஒரு நெடுவரிசை. என்ன கேள்வி என்று எனக்கே தெரியவில்லை. வயது நெடுவரிசையில் ஆங்காங்கே 99. இத்தனை பேர் நூறை நெருங்கியவர்களா என்று மலைத்துப் போனேன். அப்புறம்தான் உறைத்தது, வயதைச் சொல்லாதவர்களுக்கு 99 என்று அன்றைக்கு நானே குறியிட்டிருக்கிறேன். எங்கும் எழுதிவைக்கவில்லை. விவரம் தெரியாமல் யாராவது சராசரி போட்டிருந்தால் என் ஆட்கள் எல்லோரும் ஒரே நாளில் கிழடாகியிருப்பார்கள்.

நோயாளிகளின் விவரத்தை எப்படித் திறந்து வைப்பது என்று கேட்பீர்கள். நியாயம்தான். ஆனால் அந்த நியாயத்துக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளவும் முடிகிறது. 2020 மே மாதம் லான்செட் என்ற மருத்துவ இதழில், ஏறத்தாழ 96,000 கோவிட் நோயாளிகளின் தரவை வைத்து, மலேரியா மருந்தான ஹைட்ராக்சிகுளோரோகுயின் அவர்களுக்கு ஆபத்தானது என்று ஒரு கட்டுரை வந்தது. உலக சுகாதார நிறுவனம் தன் சோதனையில் அந்த மருந்தை நிறுத்தி வைத்தது. தரவு முழுக்க சர்ஜிஸ்பியர் என்ற ஒரே நிறுவனத்தின் கையில். தனித் தணிக்கையாளர்கள் கேட்டபோது, ரகசியத்தையும் ஒப்பந்தத்தையும் காட்டித் தர மறுத்தது. இரண்டே வாரத்தில் கட்டுரை திரும்பப் பெறப்பட்டது. பொதுவெளியில் வைக்க முடியாத தரவு என்றால், பொறுப்பான மூன்றாம் ஆள் ஒருவராவது பார்க்க வேண்டாமா?

பகிர்ந்தால் என்ன கிடைக்கும் என்பதற்குப் புரதத் தரவு வங்கி இருக்கிறது; புரதங்களின் முப்பரிமாண அமைப்புகளைச் சேர்த்துவைக்கும் பொதுக் களஞ்சியம் அது. 1971-இல் ஏழே ஏழு புரத அமைப்புகளோடு தொடங்கியது. கட்டுரை வர வேண்டுமானால் அமைப்பை அங்கே செலுத்தியாக வேண்டும் என்று பின்னாளில் இதழ்கள் விதி வைத்தன. ஐம்பது வருடம் ஊர்கூடிச் சேர்த்த அந்தக் குவியலில் கற்றுத்தான் ஆல்ஃபாஃபோல்டு என்ற செயற்கை நுண்ணறிவு நிரல் புரதத்தின் வடிவத்தை ஊகிக்கப் பழகியது. 2024-இல் அதை உருவாக்கியவர்களுக்கு வேதியியல் நோபலில் பங்கும் கிடைத்தது. செயற்கை நுண்ணறிவின் அதிசயம் என்று எழுதினார்கள். ஒவ்வொரு அமைப்பாகக் கண்டுபிடித்து, சரிபார்த்து, குறிப்பெழுதிச் செலுத்தியவர்களை யார் எழுதினார்கள்?

வேலைக்கும் பதவி உயர்வுக்கும் கட்டுரையைத்தான் எண்ணுகிறார்கள். ஒழுங்கான தரவுக் கோப்புக்கு மதிப்பெண் இல்லை என்றால் யார் மெனக்கெடுவார்கள்? பிடிஎஃப் அனுப்பியவர் மேல்கூட எனக்கு இப்போது முன்பு போல் கோபமில்லை.

என் பழைய கோப்பைத் துடைத்து, 99 என்றால் என்ன, க7 என்றால் என்ன என்று பழைய வினாத்தாளைத் தேடியெடுத்துக் குறிப்பெழுதி, பொதுக் களஞ்சியம் ஒன்றில் ஏற்றினேன். இரண்டு மாதம் கழித்து முகம் தெரியாத ஒருவர் எழுதியிருந்தார்: "212-ஆம் வரிசையும் 213-ஆம் வரிசையும் ஒன்றேபோல் இருக்கின்றன, பார்க்கிறீர்களா?" முதலில் சுருக்கென்றது. திறந்து பார்த்தேன். ஒரே ஆளை இரண்டு முறை ஏற்றியிருக்கிறேன். ஒன்றை நீக்கி, தேதியோடு குறிப்பெழுதி, மறுபடி ஏற்றிவிட்டு அவருக்கு நன்றி எழுதினேன்.