மாருதியின் கதையில் விடுபட்டுப்போகும் கருவேலிக்காரர்

ஜப்பானின் சுசூகி நிறுவனத்தை நெடுங்காலம் வழிநடத்திய ஒசாமு சுசூகி 2024 டிசம்பரில் காலமானபோது, நடுத்தர வர்க்கத்துக்குக் காரைக் கொண்டுவந்தவர் என்று அவரைப் போற்றிப் பல பதிவுகள் தமிழிலும் வந்தன. அவற்றில் சில, மாருதியின் தொடக்கத்தைச் சஞ்சய் காந்தியின் கனவு என்று ஒரே வரியில் குறிப்பிட்டுவிட்டு நேரே ஜப்பானுக்குப் போய்விட்டன. கனவுக்கும் ஜப்பானியத் தொழில்நுட்பத்துக்கும் நடுவே, 1981 முதல் 1985 வரை அந்த நிறுவனத்தின் நிர்வாக இயக்குநராக இருந்து அதை உண்மையில் கட்டி எழுப்பிய வி. கிருஷ்ணமூர்த்தியின் பெயர் நான் படித்தவற்றில் எதிலும் இல்லை. அவர் நம் ஊர்க்காரர் என்பதால் மட்டும் இதை எழுதவில்லை. அவர் செய்த காரியத்தின் தன்மையே இன்னும் சரியாகப் புரிந்துகொள்ளப்படவில்லை என்று கருதுவதால் எழுதுகிறேன்.

அன்றைய தஞ்சை மாவட்டத்தின் கருவேலி என்ற சிற்றூரில் 1925-இல் பிறந்தவர் அவர். மின்பொறியியலில் டிப்ளமா பெற்று, சென்னை மாகாண மின்துறையில் பணியாற்றி, 1950-களில் மத்தியத் திட்டக்குழுவுக்குச் சென்று மின் திட்டங்களைக் கவனித்தார். பட்டப்படிப்பும் ஐ.ஏ.எஸ். தேர்ச்சியும் இல்லாமல் தில்லியின் அதிகார அடுக்குகளில் மேலேறுவது எவ்வளவு கடினம் என்பதை அரசுப் பணியில் இருந்தவர்கள் அறிவார்கள். அந்த அடுக்குகளில் ஏறி, பிற்காலத்தில் கனரகத் தொழில் துறையின் செயலாளராகவே அவர் அமர்ந்தார்.

ஆனால் அவரை உருவாக்கிய இடம் தில்லி அன்று, திருச்சியை அடுத்த திருவெறும்பூர்தான் என்பது என் எண்ணம். செக்கோஸ்லோவாக்கிய ஒத்துழைப்புடன் 1965-இல் அங்கே தொடங்கிய பெல் (பாரத மிகுமின் நிறுவனம்) கொதிகலன் ஆலைக்கு அவர் பொது மேலாளராக இருந்தார். இன்று துவாக்குடி பக்கம் போகிறவர்கள் சாலையின் இருபுறமும் பார்க்கும் இரும்புக் கட்டுமானப் பட்டறைகள் எல்லாம் அந்த ஓர் ஆலையை அண்டிப் பிழைக்கத் தொடங்கியவையே. பெரிய ஆலை எல்லாவற்றையும் தானே செய்ய முயலாமல், தன்னைச் சுற்றிச் சிறிய தொழில்களை வளர்த்துக்கொண்டால்தான் நிலைக்கும் என்ற பாடத்தை அவர் திருச்சியிலேயே கற்றிருக்க வேண்டும் என்பது என் ஊகம். 1972-இல் பெல் நிறுவனத்தின் தலைவரானார். தனித்தனியாக இயங்கிக்கொண்டிருந்த பெல்லும் போபாலின் ஹெவி எலெக்ட்ரிகல்ஸ் நிறுவனமும் அவர் காலத்தில், 1974-இல், ஒன்றாக இணைக்கப்பட்டன.

1981-இல் இந்திரா காந்தி அவரிடம் ஒப்படைத்த மாருதி எந்த நிலையில் இருந்தது என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். 1971-இல் தொடங்கிய பழைய மாருதி லிமிடெட், ஒரு காரைக்கூட முறையாகச் சந்தைக்குக் கொண்டுவராமல் நீதிமன்ற உத்தரவின்பேரில் கலைக்கப்பட்டிருந்தது. சஞ்சய் காந்தி 1980 ஜூனில் விமான விபத்தில் இறந்தார். சில மாதங்களில் அரசு அதன் சொத்துகளைக் கையகப்படுத்தியது, 1981 பிப்ரவரியில் மாருதி உத்யோக் என்ற பொதுத்துறை நிறுவனம் பதிவாயிற்று. குர்கானில் நிலமும் கொட்டகைகளும் இருந்தன. தொழில்நுட்பம், மாடல், கூட்டாளி என்று வேறு எதுவும் இல்லை. அவசரநிலைக் காலத்தின் கசப்பு அந்தப் பெயரில் ஒட்டிக்கொண்டிருந்தது. பிரதமர் இறந்துபோன மகனின் ஆசையை மக்கள் வரிப்பணத்தில் நிறைவேற்றப் பார்க்கிறார் என்று எதிர்க்கட்சிகள் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை.

இப்படிப்பட்ட பொறுப்பை ஏற்கும் பொதுத்துறை அதிகாரி ஒருவர் வழக்கமாக என்ன செய்வார்? குழு அமைப்பார், அறிக்கை கேட்பார், ஆண்டுக்குப் பத்தாயிரம் கார்கள் செய்யும் ஓர் ஆலையைக் கட்டிவிட்டு அடுத்த பதவிக்குப் போய்விடுவார். கிருஷ்ணமூர்த்தி வைத்த இலக்கு ஆண்டுக்கு ஒரு லட்சம் வண்டிகள். அம்பாசடரும் பிரீமியர் பத்மினியும் மட்டுமே சாலைகளில் ஓடிய அந்நாளில் எல்லாக் கார் ஆலைகளும் சேர்ந்து தயாரித்த எண்ணிக்கையைப்போல் அது இரண்டு மடங்குக்கும் மேல். அந்த எண்ணைக் கேட்டுச் சிரித்தவர்கள் இருந்திருப்பார்கள். ஆனால் அந்த ஒற்றை எண்ணே மற்ற எல்லாவற்றையும் தீர்மானித்துவிட்டது என்பதைக் கவனிக்க வேண்டும். ஒரு லட்சம் வண்டி விற்க வேண்டும் என்றால் விலை குறைவாக இருக்க வேண்டும், எரிபொருள் சிக்கனமாக இருக்க வேண்டும், ஆகவே வண்டி சிறியதாக இருந்தே தீர வேண்டும். ஐரோப்பியப் பெரிய நிறுவனங்களுடன் நடந்த பேச்சுகளில் நடுத்தர அளவுக் கார்களே முன்வைக்கப்பட்டன. அவற்றில் ஒன்றை ஏற்றுக்கொண்டிருந்தால் அமைச்சர்களும் அதிகாரிகளும் மகிழ்ந்திருப்பார்கள், நிறுவனம் இன்னொரு அம்பாசடர் ஆலையாக முடிந்திருக்கும்.

கூட்டாளியைத் தேர்ந்தெடுத்த விதத்தையும் நான் முக்கியமாகக் கருதுகிறேன். அன்றைய சுசூகி, ஜப்பானின் பெரிய கார் நிறுவனங்களுக்கு நடுவே சிறியது, மோட்டார் சைக்கிளுக்கும் குட்டிக் கார்களுக்கும் பெயர் பெற்றது. 1979-இல் வந்த ஆல்டோதான் அதற்குச் சற்று முகம் கொடுத்திருந்தது. பெரிய நிறுவனங்கள் இந்தியாவை இரண்டாம் நிலை அதிகாரிகளிடம் விட்டுவைத்தபோது, சுசூகியில் தலைவரே நேரில் உட்கார்ந்து பேசினார். தொழில்நுட்பத்தை விற்றுவிட்டுக் கட்டணம் வாங்கிக்கொண்டு போகும் கூட்டாளி வேண்டாம், தன் பணத்தையும் முதலாகப் போடுகிறவரே வேண்டும் என்பதில் கிருஷ்ணமூர்த்தி உறுதியாக இருந்தார். சுசூகி 26 சதவீதப் பங்கு எடுத்துக்கொண்டது, 74 சதவீதம் அரசிடம் இருந்தது. 1982 அக்டோபர் 2-ஆம் தேதி ஒப்பந்தம் கையெழுத்தானது.

அந்த 26 சதவீதத்தை ஒரு நிதி ஏற்பாடாக மட்டுமே பார்ப்பவர்கள் அதன் பாதிப் பயனைத்தான் பார்க்கிறார்கள். அமைச்சகத்திலிருந்து இன்னாரை வேலைக்கு எடு, இன்ன மாநிலத்தில் ஆலை வை, இன்னாருக்கு டீலர் உரிமம் கொடு என்று தொலைபேசி வரும்போது, ஜப்பானியக் கூட்டாளி ஒப்புக்கொள்ள மாட்டார் என்று ஒரு பொதுத்துறை நிர்வாகி சொல்வதற்கு அது கொடுத்த இடத்தை வேறு எந்தச் சட்டமும் கொடுத்திருக்காது. பொறுப்பை ஏற்ற பிறகு சுதந்திரத்துக்காகப் போராடுவதைவிட, சுதந்திரம் இல்லாமல் ஓடவே முடியாத ஓர் அமைப்பை முதலிலேயே கட்டிவிடுவது என்ற அந்தத் தந்திரத்தையே அவருடைய வாழ்நாள் திறமையாக நான் பார்க்கிறேன்.

ஒப்பந்தம் கையெழுத்தாகிப் பதினான்கு மாதங்கள் கழித்து, 1983 டிசம்பர் 14 அன்று, முதல் மாருதி 800-இன் சாவியை இந்திரா காந்தி இந்தியன் ஏர்லைன்ஸ் ஊழியர் ஒருவரிடம் கொடுத்தார். அது சஞ்சய் காந்தியின் பிறந்தநாள். விலை சுமார் 47,500 ரூபாய். பதிவுக்குப் பத்தாயிரம் ரூபாய் முன்பணம் கட்டி ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் காத்திருந்தார்கள். தொடக்கத்தில் வந்தவை ஜப்பானிலிருந்து வந்த பாகங்களைக் குர்கானில் பூட்டிய வண்டிகளே. ஸ்குரூடிரைவர் தொழில் என்ற கேலியும் எழுந்தது.

அந்தக் கேலிக்கான பதில் உதிரிபாகங்களில் இருந்தது. மாருதி தானே சிறு பங்கு எடுத்துக்கொண்டு, இந்தியத் தொழில்முனைவோரையும் ஜப்பானிய உதிரிபாக நிறுவனங்களையும் இணைத்துப் புதிய கூட்டு நிறுவனங்களைத் தோற்றுவித்தது. இருக்கைகளுக்குப் பாரத் சீட்ஸ், தகட்டுப் பாகங்களுக்கு ஜெய் பாரத் மாருதி, கண்ணாடிக்கு ஆசாஹி, ஸ்டியரிங்குக்குச் சோனா என்று ஒரு வலைப்பின்னலே உருவானது. அதற்கிடையில் 1985-க்குப் பிறகு யென்னின் மதிப்பு மளமளவென்று உயர்ந்ததால் இறக்குமதிப் பாகங்களின் விலை எகிறியது. உள்நாட்டிலேயே செய்தாக வேண்டும் என்பது தேசப்பற்றாக இருந்த நிலை மாறிப் பிழைப்பாகவே ஆயிற்று. அதற்குள் கிருஷ்ணமூர்த்தி நிர்வாக இயக்குநர் பதவியை விட்டிருந்தார், ஆனால் அந்த அதிர்ச்சியைத் தாங்கும் வழி அவர் காலத்திலேயே போடப்பட்டிருந்தது.

ஆலைக்குள் நடந்த மாற்றம் பலமுறை எழுதப்பட்டுவிட்டது, சுருக்கமாகவே சொல்கிறேன். நிர்வாக இயக்குநர் முதல் கடைநிலைத் தொழிலாளி வரை ஒரே சீருடை, ஒரே கேன்டீன், அறைகள் இல்லாத திறந்த அலுவலகம், ஷிப்ட் தொடங்கும்முன் உடற்பயிற்சி. பொதுத்துறையில் அதிகாரிக்கு என்று தனிக் கழிவறைகூட இருந்த காலத்தில் இது சிறிய விஷயம் அன்று.

இனி அவருக்குச் சாதகமாக இல்லாததையும் சொல்லியாக வேண்டும். மாருதி வென்றது சமமான களத்தில் இல்லை. வெளிநாட்டுக் கூட்டுக்கும், பாகங்களை இறக்குமதி செய்யவும், பெரிய அளவில் உற்பத்தி செய்யவும் மற்றவர்கள் ஆண்டுக்கணக்கில் உரிமத்துக்கு அலைந்துகொண்டிருந்தபோது, மாருதிக்குப் பிரதமரின் வீட்டுக் கதவே திறந்திருந்தது. எரிபொருள் சிக்கனமான சிறிய கார்களுக்குத் தரப்பட்ட சுங்க, கலால் வரிச் சலுகைகளால் பெருமளவில் பயனடைந்தது மாருதியே. நம் வண்டலூர்ப் பக்கம் முன்பு ஹெரால்ட் கார் செய்துவந்த ஸ்டாண்டர்ட் மோட்டார்ஸ், 1985-இல் ஸ்டாண்டர்ட் 2000 என்ற பெரிய, விலை மிகுந்த காரை இறக்கி, விற்க முடியாமல் அந்தப் பத்தாண்டுக்குள்ளேயே மூடப்பட்டது. பிழையான வண்டியைத் தேர்ந்தெடுத்தது அவர்களுடைய தவறு என்பதில் எனக்கு ஐயமில்லை. எனினும் மாருதிக்குக் கிடைத்த அனுமதிகள் அவர்களுக்கும் கிடைத்திருந்தால் அவர்கள் எந்த வண்டியைத் தேர்ந்தெடுத்திருப்பார்கள் என்ற கேள்வியை ஒதுக்கிவிட முடியவில்லை. அரசின் தயவு இருந்தும் தோற்ற நிறுவனங்கள் ஏராளம் என்று கிருஷ்ணமூர்த்தியின் ஆதரவாளர்கள் சொல்வார்கள். அது உண்மைதான், ஆனால் தயவு இல்லாமல் வென்றவர் என்ற பட்டத்தை அது அவருக்குப் பெற்றுத் தராது.

ஒரே சீருடை என்ற ஏற்பாட்டையும் பிற்கால நிகழ்ச்சிகளை மறந்துவிட்டுப் போற்ற முடியாது. 2012 ஜூலையில் மாருதியின் மானேசர் ஆலையில் வெடித்த வன்முறையில் மனிதவளப் பிரிவு மேலாளர் ஒருவர் உயிரிழந்தார், ஐந்நூறுக்கும் மேற்பட்ட நிரந்தரத் தொழிலாளர்கள் வேலை இழந்தார்கள். அதற்கு முந்தைய ஆண்டின் வேலைநிறுத்தங்களிலிருந்தே ஒலித்துக்கொண்டிருந்த கோரிக்கைகளில் ஒன்று, அதே வேலையைக் குறைந்த கூலிக்குச் செய்த ஒப்பந்தத் தொழிலாளர்களைப் பற்றியது. அது கிருஷ்ணமூர்த்தி விலகிப் பல ஆண்டுகளுக்குப் பிறகு நடந்தது, அவரை அதற்குப் பொறுப்பாக்குவது நியாயமாகாது. ஆனால் மேசையும் சட்டையும் ஒன்றாக இருந்து சம்பளச் சீட்டு வேறாக இருந்தால் சமத்துவம் எவ்வளவு தூரம் போகும் என்பதை அந்த ஆலை காட்டிவிட்டது.

ஆட்களைத் தேர்ந்தெடுப்பதில் அவருக்கு இருந்த கண் தனியாகச் சொல்லத் தக்கது. பெல்லில் பணியாற்றிக்கொண்டிருந்த ஐ.ஏ.எஸ். அதிகாரி ஆர்.சி. பார்கவாவை 1981-இலேயே மாருதிக்கு அழைத்து வந்து விற்பனைப் பொறுப்பைக் கொடுத்தார். அரசுக்குத் திரும்பிப் போவதா என்ற நிலை வந்தபோது பார்கவா ஐ.ஏ.எஸ். பதவியை விட்டுவிட்டு மாருதியிலேயே தங்கினார். 1985-இல் கிருஷ்ணமூர்த்தி செயில் எஃகு நிறுவனத்தின் தலைவராகச் சென்றபோது நிர்வாக இயக்குநர் நாற்காலிக்கு வெளியிலிருந்து ஆள் தேட வேண்டியிருக்கவில்லை. பார்கவா தொண்ணூறு வயதிலும் மாருதியின் தலைவராக நீடித்தார். தன் இடத்துக்கு இப்படி ஒருவரை வளர்த்துவிட்டுப் போவது நம் பொதுத்துறையில் மிக அரிது. செயிலில் 1985 முதல் 1990 வரை இருந்து, நட்டத்தில் தத்தளித்த அந்த நிறுவனத்தையும் அவர் லாபத்துக்குத் திருப்பினார். 1973-இல் பத்மஸ்ரீ, 1986-இல் பத்மபூஷண், 2007-இல் பத்மவிபூஷண் என்று விருதுகளும் வரிசையாக வந்தன.

அவருடைய வாழ்வில் என்னை அதிகம் யோசிக்க வைப்பது இந்த வெற்றிகளுக்குப் பிந்தைய பகுதிதான். 2004-இல் அமைக்கப்பட்ட தேசிய உற்பத்திப் போட்டித்திறன் பேரவைக்கு அவர் தலைவரானார். பெல்லிலும் மாருதியிலும் செயிலிலும் செய்ததை நாடு முழுமைக்கும் செய்ய வாய்ப்பு வந்தது என்றே அப்போது பலர் எண்ணினார்கள். ஆனால் அந்த மூன்று இடங்களிலும் அவர் கையில் ஓர் ஆலையும் ஒரு கணக்குப் புத்தகமும் ஆட்களை நியமிக்கும் அதிகாரமும் இருந்தன. பேரவையிலோ அறிவுரை சொல்லும் உரிமை மட்டுமே இருந்தது. வியூக அறிக்கைகள் எழுதப்பட்டன, அமைச்சகங்கள் படித்தன, அவரவர் கோப்பு அவரவர் மேசையிலேயே இருந்தது. வேலையை ஏற்கும்முன் தன் நிபந்தனைகளை அமைப்புக்குள்ளேயே பூட்டிவிடும் அந்த மனிதர், பூட்டுவதற்கு எதுவுமே இல்லாத ஒரு பதவியை ஏன் ஏற்றார் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. 2011-இல் அரசு அறிவித்த தேசிய உற்பத்திக் கொள்கை, நாட்டின் மொத்த உற்பத்தியில் ஆலைத் தொழிலின் பங்கை 2022-க்குள் 25 சதவீதமாக உயர்த்துவோம் என்றது. கிருஷ்ணமூர்த்தி 2022 ஜூன் 26 அன்று சென்னையில் தமது 97-ஆம் வயதில் காலமானார். அந்தப் பங்கு அப்போது 20 சதவீதத்தைக்கூட எட்டியிருக்கவில்லை.