கடைசி அத்தியாயத்தில் சுகமாகிவிடும் பிள்ளைகள்

செப்டெம்பரில் கொழும்பு பண்டாரநாயக்க மண்டபப் புத்தகக் கண்காட்சி முடிந்த கையோடு ஒரு முணுமுணுப்பு வரும். இளையோர் நாவல் என்றாலே தற்கொலை, துஷ்பிரயோகம், மன அழுத்தம்தானா? பிள்ளைகளுக்கு நல்லதாக ஒன்றும் எழுத மாட்டார்களா? பின்னட்டையைப் படித்துவிட்டு புத்தகத்தை மெதுவாகத் திருப்பி வைக்கிற பெற்றோரின் கேள்வி இது. கேள்வியில் நியாயம் இருக்கிறது, ஆனால் இலக்கு தவறிவிட்டது. இந்தப் புத்தகங்களில் இருட்டு கூடிப்போனதில் எனக்கு வருத்தமில்லை. மனவருத்தம் எப்படி வருகிறது, உடம்பில் எங்கே உட்காருகிறது, எவ்வளவு காலம் எடுத்துக் குறைகிறது என்ற கணக்கு பிழையாகிவிடுவதுதான் வருத்தம். ஆங்கிலத்தில் இந்த வகை நாவல் குவிந்து கிடப்பதால் பிழையான ஒன்றை நல்ல ஒன்று ஈடுசெய்துவிடும். தமிழில் 13 முதல் 18 வயதுக்காரருக்கென்று எழுதப்படுவதே கொஞ்சம். அதில் ஒன்று பிழையானால் அந்தப் பிழையே பாடமாகிவிடும்.

1999 இல் வந்த லோரி ஹால்ஸ் ஆண்டர்சனின் 'ஸ்பீக்' நாவலை எல்லாரும் பாராட்டுவார்கள். எழுத நினைப்பவர்கள் பாராட்டை விட்டுவிட்டு அதன் எலும்புக்கூட்டைப் பார்க்க வேண்டும். நாயகி மெலிண்டாவுக்கு நடந்த வன்புணர்வு, நாவலின் முதல் பக்கத்துக்கு முன்பே, கோடை விடுமுறைப் பார்ட்டி ஒன்றில் நடந்து முடிந்துவிட்டது. அவள் பொலிசுக்கு ஃபோன் எடுத்ததால் பார்ட்டி கலைந்தது. ஏன் எடுத்தாள் என்று தெரியாத பள்ளிக்கூடம் அவளை ஒதுக்குகிறது. கதை ஒரு கல்வியாண்டு நீளம், நான்கு பருவங்கள், ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு ரிப்போர்ட் கார்ட். புள்ளிகள் இறங்குவதைப் பார்த்தே அவள் நிலை விளங்குகிறது. 'நான் உடைந்துபோனேன்' என்று அவள் சொல்லத் தேவையே இல்லை.

நமக்கு நான்கு பருவம் கிடையாது, மூன்று தவணை. அதுவே போதுமான சட்டகம். முதலாம் தவணையில் வரவுப் பதிவேட்டில் திங்கட்கிழமைகள் மட்டும் சிவப்பாகும். இரண்டாம் தவணையில் கணக்குக் கொப்பி பாதியில் நிற்கும், 'வயிற்றுக்குத்து' என்று நோய் அறைக்குப் போவது கூடும். மூன்றாம் தவணையில் வகுப்பாசிரியர் அம்மாவைக் கூப்பிடுவார். காலத்தை இப்படிக் கட்டினால் ஆறுமாத வேதனையை ஒரு வாரத்தில் அடைக்க முடியாது. ஒரு எச்சரிக்கை: பரீட்சைக் காலத்தை மனக்கணக்கில் எழுதாதீர்கள். 2021 ஆம் ஆண்டுக்கான சாதாரண தரப் பரீட்சை நடந்தது 2022 மே கடைசியில். எரிபொருள் வரிசை, மின்வெட்டு எல்லாவற்றுக்கும் நடுவில். 'டிசம்பர் பரீட்சை, குளிர்ந்த காலை' என்று அந்த வருசத்துக்கு எழுதினால், அந்த 'பட்ச்' பிள்ளை மூன்றாம் பக்கத்திலேயே புத்தகத்தை மூடிவிடும். தன்னைப் பற்றித் தெரியாத ஒருவர் எழுதியது என்று அதற்கு விளங்கிவிடும். பிறகு நீங்கள் எவ்வளவு நல்ல விசயம் சொன்னாலும் ஏறாது.

அதிகம் சறுக்குகிற இடம் நினைவு.

கொட்டாஞ்சேனைப் பிள்ளை ஒருத்தியைக் கற்பனை செய்யுங்கள். 2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு காலை, குண்டு வெடித்தபோது கொச்சிக்கடை அந்தோனியார் கோவிலில் இருந்தவள், அப்போது 9 வயது. கதை நடக்கும்போது 15. வழக்கமாக எப்படி எழுதுகிறார்கள்? ஒரு சத்தம் கேட்கும். 'அந்தக் கொடிய நாள் அவள் கண்முன் விரிந்தது' என்று ஒரு வரி வரும். அப்புறம் மூன்று பக்கத்துக்கு, தொடக்கத்திலிருந்து முடிவு வரை, நேரவாரியாக முழுச் சம்பவமும் ஓடும். பேரதிர்ச்சியின் நினைவு இவ்வளவு ஒழுங்காக வருவது அபூர்வம். அது துண்டு துண்டாக வரும்: ஒரு மணம், ஒற்றைச் செருப்பு, காதுக்குள் ஒரு இரைச்சல். உடம்பு முந்திக்கொள்ளும். உள்ளங்கை வேர்க்கும், விரல் குளிரும், மூச்சு நெஞ்சுக்கு மேலேயே நிற்கும். ஏன் என்பது பிறகுதான் பிடிபடும், சிலவேளை பிடிபடாமலே போகும்.

ஆகவே அவளை டியூஷன் மண்டபத்தில் வையுங்கள். ஒரு வாங்கில் ஆறு பேர். நடுவில் இடம் இருந்தாலும் அவள் வாசல் பக்க ஓரத்தில்தான் உட்காருவாள். 'முடிய முதல் ஓடுறதுக்கா பிள்ளை?' என்று சேர் மைக்கில் கேட்பார், முழு மண்டபமும் சிரிக்கும். பிறந்தநாள் கேக்கில் மெழுகுதிரியை ஊதி அணைத்ததும் ஒரு புகை மணம் வருமே, அதற்கு எழும்பிப் போய்விடுவாள். கேட்டால் தலையிடி என்பாள். பொய் சொல்லவில்லை, அவளுக்கு அது தலையிடிதான். 2021 நவம்பர், டிசம்பரில் வீடு வீடாக கேஸ் வெடிக்கிற செய்தி வந்ததே, அந்த நாட்களில் அம்மம்மாவைக் குசினிக்குள் போகவிடாமல் மறித்தாள், இரவில் இரண்டு தரம் எழும்பி ரெகுலேட்டரைப் பார்த்தாள். 'எவ்வளவு பொறுப்பு' என்று அம்மா பக்கத்து வீட்டில் சொல்லிப் பெருமைப்பட்டார். இந்த அத்தியாயத்தில் குண்டு என்ற சொல் ஒரு தடவையும் வரவேண்டியதில்லை.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. சம்பவம் நடந்து முதல் மாதத்தில் நித்திரை குழம்புவதும் திடுக்கிடுவதும் பலருக்கும் வரும், அநேகருக்குத் தானாகவே குறையும். ஒரு மாதம் தாண்டியும் நின்று, படிப்பையும் பழக்கத்தையும் குழப்பினால்தான் வைத்தியர்கள் அதற்கு பிடிஎஸ்டி, அதாவது பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனஉளைச்சல் நோய், என்று பெயர் வைப்பார்கள். மூன்றாம் நாளே ஒருவர் வந்து 'உனக்கு பிடிஎஸ்டி' என்று சொல்வது மோசமான ஆராய்ச்சியின் அடையாளம்.

அடுத்தது வீடு. ஆங்கில நாவலில் பிள்ளை அறைக் கதவைச் சாத்திவிட்டு அழும், டயரி எழுதும், ஃபோனில் தோழியிடம் எல்லாம் சொல்லும். அந்தக் கதவை அப்படியே தூக்கி வெள்ளவத்தைக்குக் கொண்டுவந்து பொருத்த முடியாது. இரண்டு அறை ஃபிளட்டில் அம்மம்மாவோடு ஒரே கட்டிலில் படுக்கிற பிள்ளை எங்கே அழும்? குளியலறையில், குழாயைத் திறந்துவிட்டு. தண்ணி பில் பொதுவென்றால் மேல்மாடி அன்ரி கதவைத் தட்டுவார். உதவி கேட்டு ஃபோன் எடுப்பதென்றால் மொட்டை மாடி, உடுப்புக் காயப்போடுகிற சாட்டு, கையில் வாளி. ஒரு பிள்ளை தன் வருத்தத்தைச் சொல்ல முதலில் இடம் தேட வேண்டியிருப்பதே கொழும்பு நாவலுக்குக் கிடைத்த கதைமுடிச்சு. அதை வீணாக்கிவிட்டு ஏன் எல்லாருக்கும் தனியறை கொடுக்கிறார்கள் என்று எனக்கு விளங்கவில்லை. கொழும்பில் நடக்கிற இளையோர் நாவலே இல்லை என்பதும் சரியல்ல. சியாம் செல்வதுரையின் 'ஸ்விம்மிங் இன் த மொன்சூன் ஸீ' 2005 இல் வந்தது. 1980 இன் கொழும்பு, 14 வயது அம்ரித், பெற்றோரை இழந்து வேறொரு குடும்பத்தில் வளர்கிறவன். ஆங்கிலத்தில் இருக்கிறது என்பதுதான் தடை.

மனச்சோர்வுக்கு வருவோம். பதின்ம வயதில் அது கண்ணீராக மட்டுமல்ல, எரிச்சலாகவும் வரும். 'வாய் காட்டுது', 'சோம்பேறி', 'ஃபோன்தான் காரணம்' என்று வீட்டில் சொல்லப்படுகிற பிள்ளைக்குள் அது இருக்கலாம். அளவு என்னவென்றால் கிட்டத்தட்ட ஒவ்வொரு நாளும், குறைந்தது 2 கிழமை, அதோடு நித்திரை, சாப்பாடு, கவனம், விருப்பம் என்று பலதும் சேர்ந்து மாற வேண்டும். பரீட்சையில் குறைந்த புள்ளி எடுத்த அன்றிரவு அழுவது நோய் இல்லை. சிகிச்சையை எழுதும்போதுதான் பெரிய மோசடி நடக்கும்: ஒரு கனிவான டொக்டர், ஒரு உரையாடல், ஒரு மழை, பிள்ளை சிரிக்கும். நிஜத்தில் அரச வைத்தியசாலை கிளினிக் இலவசம், ஆனால் காலையிலேயே போய் நம்பர் எடுக்க வேண்டும். பிள்ளை பள்ளிக்கூடத்துக்கு லீவு, அம்மா வேலைக்கு லீவு. வரிசையில் தெரிந்த முகம் ஏதும் வந்துவிடுமோ என்று அம்மா சேலைத் தலைப்பை இழுத்துவிடுவார். ஃபுளூஒக்சிட்டின் போன்ற மனச்சோர்வு மருந்து கொடுத்தால் பலன் தெரிய நாலு, ஆறு கிழமை எடுக்கலாம். குமட்டலும் நித்திரைக் குழப்பமும் முதல் சில நாளிலேயே வரும். அதாவது பிள்ளைக்கு முதலில் கிடைப்பது பக்கவிளைவு, சுகம் பிறகு. தொடக்கக் கிழமைகளில் சில இளையோருக்குத் தற்கொலை எண்ணம் கூடக்கூடும் என்பதால் வைத்தியர் அடிக்கடி வரச் சொல்வார். 'இதைப் போட்டும் ஒன்றும் இல்லை' என்று இரண்டாம் கிழமையில் குளிசையை நிறுத்துகிற வீடு, கொஞ்சம் சுகமானதும் 'இனி எதற்கு' என்று நிறுத்துகிற வீடு, இரண்டுமே நாவலுக்குச் சண்டை தரும். பேச்சுச் சிகிச்சையும் அப்படித்தான். பேரதிர்ச்சிக்கென்று பிள்ளைகளுக்குச் செய்யும் முறை ஒன்றுக்கே வழக்கமாக 12 முதல் 16 அமர்வுகள். நடுவில் பிள்ளை வராமல் விட்ட ஒரு அமர்வை எழுதுங்கள், நம்புவார்கள். கோவிலில் நூல் கட்டுவதையும் ஜெபக் கூட்டத்தையும் கேலிக்குரியதாக எழுத வேண்டாம். நம் வீடுகளில் நூலும் கட்டுவார்கள், கிளினிக்குக்கும் போவார்கள், ஒன்றை மற்றவரிடம் சொல்ல மாட்டார்கள்.

தற்கொலைக் காட்சி விசயத்தில் மட்டும் கலைச் சுதந்திரம் என்ற பேச்சுக்கு நான் இடம் கொடுப்பதில்லை. ஜே ஆஷரின் 2007 நாவலை வைத்து நெட்ஃபிளிக்ஸ் எடுத்த '13 ரீசன்ஸ் வை' தொடர் 2017 மார்ச்சில் வந்தது. அதிலிருந்த மரணக் காட்சியை அவர்களே 2019 யூலையில் வெட்டினார்கள். காட்சியோடு பிரச்சினை முடியவில்லை. இறந்த பிள்ளை கசெட்டுகளில் ஒவ்வொருவருக்கும் பழியைப் பங்கிட்டுவிட்டு, செத்த பிறகும் எல்லாரையும் ஆட்டிவைக்கிறாள். மரணம் பேச்சுரிமை வாங்கித் தருவது போன்ற அமைப்பு அது. உலக சுகாதார நிறுவனம் ஊடகங்களுக்குச் சொல்வதை நாவலுக்கும் எடுத்துக்கொள்ளலாம்: முறை வேண்டாம், இடம் வேண்டாம், கடைசிக் கடிதத்தின் வாசகம் வேண்டாம், ஒற்றைக் காரணம் வேண்டாம், அழகுபடுத்தல் வேண்டவே வேண்டாம். முறையை எழுதினால் என்ன என்று கேட்பவர்கள் நம் நாட்டையே பார்க்கலாம். 1990களின் நடுவில் உலகிலேயே தற்கொலை வீதம் மிக உயர்ந்த நாடுகளில் ஒன்று இலங்கை. கொடிய பீடைகொல்லிகளை ஒவ்வொன்றாகத் தடைசெய்த பிறகு அது பாதிக்கும் கீழே இறங்கியது. கைக்கெட்டாமல் போனதே ஆயிரக்கணக்கானோரைக் காப்பாற்றியது. அந்த நாட்டில் அச்சில் வைத்துக் கைக்கெட்டச் செய்வதா? எழுத வேண்டியது அந்த இரவைத் தாண்டிய விதம். நெருக்கடியைச் சமாளித்துக் கடந்தவர்களைப் பற்றிய செய்திகள் தற்கொலையைக் குறைப்பதோடு சேர்ந்து வருவதை வியன்னா ஆய்வாளர்கள் 2010 இல் காட்டினார்கள். யாரை எழுப்பினாள், என்ன சொன்னாள், முதலில் என்ன பதில் வந்தது, விடியும் வரை யார் பக்கத்தில் இருந்தார்? இதற்கு இருபது பக்கம் செலவழியுங்கள்.

துஷ்பிரயோகத்தை வெளியே சொல்கிற அத்தியாயமும் ஒரே மூச்சில் முடிந்துவிடுகிறது. பிள்ளைகள் பாதி சொல்வார்கள், எதிரில் இருப்பவரின் முகத்தைப் பார்ப்பார்கள், 'சும்மா சொன்னேன்' என்று திரும்ப எடுப்பார்கள். 'ஒருத்தருக்கும் சொல்ல மாட்டேன்' என்று உளவளத்துணையாளர் சத்தியம் பண்ணுவதாக எழுதாதீர்கள். உயிருக்கு ஆபத்தோ துஷ்பிரயோகமோ என்றால் அவர் சொல்லியே ஆக வேண்டும், முறையானவர் அதைத் தொடக்கத்திலேயே பிள்ளைக்குச் சொல்லிவிடுவார். முறைப்பாடு என்று போனால் பொலிஸ், சட்ட வைத்திய அதிகாரி, நீதிமன்றம் என்று வருசக் கணக்கில் இழுபடும். தீர்ப்போடு கதையை முடிக்க நினைத்தால் உங்கள் நாயகி பல்கலைக்கழகம் போயிருப்பாள்.

புத்தகத்தைக் கையில் கொடுக்கிறவர்களுக்கும் வேலை இருக்கிறது. பள்ளி நூலகத்தில் இரவல் அட்டையில் முன்பு எடுத்தவரின் பெயர் அடுத்தவர் கண்ணில் படும். அதனாலேயே எடுக்க விரும்புகிற பிள்ளை எடுக்காது. இப்படியான பத்துப் புத்தகத்தையாவது பதிவேடு இல்லாத ஒரு தட்டில் வையுங்கள். இரண்டு தொலைந்தால் தொலையட்டும், யாரோ வைத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். வகுப்பில் சத்தமாக மாறி மாறி வாசிக்க விடாதீர்கள், அந்தப் பக்கம் யாருடைய முறைக்கு வரும் என்று உங்களுக்குத் தெரியாது. 'உனக்கென்றே எடுத்தது' என்று ஒரு பிள்ளையிடம் தனியாக நீட்டினால் அது விசாரணை போலிருக்கும். வேறு இரண்டு புத்தகத்தோடு சேர்த்துக் கொடுங்கள், ஒன்று பகிடிக் கதையாக இருக்கட்டும். வாசித்து முடித்ததும் 'அழுதியா?' என்று கேட்க வேண்டாம். 'அந்த அம்மா செய்தது சரியா?' என்று கேட்டால் கதைக்கத் தொடங்குவார்கள்.

பதிப்பாளர்களுக்கு ஒன்று. எச்சரிக்கைக் குறிப்பு முன்னட்டையில் விளம்பரம் மாதிரி வேண்டாம். உள்ளே பதிப்புரிமைப் பக்கத்துக்கு எதிரில், எந்த அத்தியாயத்தில் என்ன வருகிறது என்று இரண்டு வரி போதும். கடைசிப் பக்கத்தில் தேசிய மனநல நிறுவகத்தின் 1926, உளவளத்துணைக்கு 1333, சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929. ஒவ்வொரு மறுபதிப்புக்கும் முன்னால் யாராவது ஒருவர் மூன்று நம்பருக்கும் எடுத்து, வேலை செய்கிறதா, தமிழில் கதைக்க ஆள் இருக்கிறாரா, எந்த நேரத்தில் என்று கேட்டு, அந்த நேரத்தையும் பக்கத்தில் அச்சடியுங்கள்.