டொலோரெஸும் வியாகுலமும்

ஸ்பானிய மொழிக் கதை தமிழுக்கு வரும்போது அடிக்குறிப்பும் கூடவே வந்துவிடுகிறது: 'டொலோரெஸ் என்றால் வலிகள்', 'சொலெதாத் என்றால் தனிமை'. பெற்ற மகளுக்கு இப்படியா பேர் வைப்பார்கள் என்று வாசகர் திகைத்துப் போகிறார். அகராதிப்படி அது சரி, பேராகப் பார்த்தால் தப்பு. முழுப் பேர் மரியா டெ லோஸ் டொலோரெஸ். வியாகுல மாதா! நம்மூர்க் கத்தோலிக்கக் குடும்பங்களில் வியாகுலம், செபமாலை, அடைக்கலம், சகாயம் என்று வைப்பதும் இதே வழக்கம்தான். செபமாலைக்கு அங்கே ரொசாரியோ, அடைக்கலத்துக்கு அம்பாரோ, சகாயத்துக்கு சொகோரோ. இத்தனை அருமையான சொற்கள் நம்மிடமே புழங்கும்போது அகராதியைத் தூக்கிக்கொண்டு வருவது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

பேரைக் கேட்டால் ஊரும் பல நேரம் பிடிபடும். பிலார் என்றால் தூண். புனித யாக்கோபுக்கு மாதா ஒரு தூண்மேல் காட்சி கொடுத்தார் என்பது ஸ்பெயினின் சரகோசா நகரத்து நம்பிக்கை; அக்டோபர் 12 அந்த மாதாவுக்குத் திருநாள். மொன்செராத் கத்தலோனியாவின் மலைக்கோயில் மாதா, மகரேனா செவில்லேக்காரர், குவாதலூபே மெக்சிகோவுக்கு.

வீட்டுக்கு வீடு மரியா இருந்தால் அதைச் சொல்லிக் கூப்பிட முடியாது. அதனால்தான் டொலோரெஸ் லோலா ஆகிறார், கொன்செப்சியோன் கொஞ்சா, ரொசாரியோ சாரோ. மரியா இசபெல் சேர்ந்து மரிபெல். இதை அறியாமல் விண்ணப்பத்தில் 'மரியா'வை முதல் பேராகவும் 'டெல் கார்மென்'னை நடுப் பேராகவும் பிரித்துப் போட்டால், வரிசையில் 'மரியா!' என்று கூப்பிடும்போது அந்த அம்மா திரும்பிப் பார்க்காமல் போகலாம். இரண்டும் சேர்ந்து ஒரே பேர். முதல் பேருக்கான கட்டத்தில் முழுசாக எழுதுங்கள். ஸ்பெயினில் மரியாவைச் சுருக்கி 'M.ª' என்று எழுதும் பழக்கமும் உண்டு. விமானச் சீட்டில் அந்தச் சுருக்கம் வேண்டாம், பாஸ்போர்ட்டில் உள்ளபடியே இருக்கட்டும்.

ஆணா பெண்ணா என்பதிலும் சறுக்குவார்கள். 'ஓ'வில் முடிந்தாலும் அம்பாரோ, ரொசியோ, கொன்சுவேலோ பெண்கள். ஹொசே மரியா ஆண், மரியா ஹொசே பெண்; முன்னால் நிற்பதுதான் கணக்கு. மெக்சிகோவில் குவாதலூபே இருபாலுக்கும் பொது. எலும்புக்கூட்டுப் படங்களால் புகழ்பெற்ற ஓவியர் ஹொசே குவாதலூபே பொசாதா ஆண்தான்.

ஆண்டவர் பேரையே பிள்ளைக்கு வைப்பதிலும் அங்கே கூச்சம் கிடையாது. ஹெசூஸ் சர்வசாதாரணம், மெக்சிகோவில் செல்லமாக சூய். தமிழில் 'ஹெசூஸ்' என்றே எழுதலாம். 'ஜீசஸ்' ஆங்கிலேயர் உச்சரிப்பு.

இப்போது ஸ்பெயினில் மதப் பேர்கள் ஒழிந்துவிட்டன என்கிறார்கள். அவசர முடிவு. என்கர்னாசியோன், புரிஃபிகாசியோன் போன்ற கனமான மாதா பேர்கள் பாட்டிமாரோடு நிற்பது உண்மைதான். ஆனால் பேத்திக்கு வைக்கும் லூசியா டிசம்பர் 13-க்குரிய புனிதை. பேரன் மத்தேயோ, நம் மத்தேயு.