எல்வி இன்னும் வரலை

ஸ்டேஷன் மாஸ்டர்: (போனில்) எல்வி இன்னும் வரலைப்பா. வரட்டும், சொல்றேன்.

பயணி: சார், பாசஞ்சர் எப்ப வரும்?

மாஸ்டர்: பின் ஸ்டேஷன்ல நிக்குது. எல்வியைப் பார்த்தாத்தான் அதை அனுப்பச் சொல்லி லைன் கிளியர் தருவேன்.

பயணி: யாரு அது, பெரிய ஆபீசரா?

மாஸ்டர்: எப்பவும் கடைசியாத்தான் வருவார்.

பயணி: ஒரு ஆளுக்காக ஒரு வண்டி ஜனத்தையே காக்க வைக்கிறீங்க!

(கூட்ஸ் வருகிறது. மாஸ்டர் பச்சைக் கொடியோடு வெளியே ஓடுகிறார்.)

பயணி: கேள்வி கேட்டா ஓடுறீங்க. கொடி ஆட்ட இங்க ஒருத்தர், எதிர்ப்பக்கம் இன்னொருத்தர்!

மாஸ்டர்: அவர் பாயிண்ட்ஸ்மேன், தண்டவாளம் மாத்தி விடுறவர். அந்தப் பக்கத்துச் சக்கரம் எனக்குத் தெரியாது. ஆக்சில் சூடாகிப் புகையுதா, பிரேக் பிடிச்சுக்கிட்டு வருதா, இரும்பு ஏதாவது தொங்குதா... 58 வேகன். கொஞ்சம் பேசாம இருங்க.

பயணி: சரி, எல்வி...

மாஸ்டர்: வந்துட்டார்!

பயணி: எங்க? யாரும் இறங்கலையே!

மாஸ்டர்: கடைசி வண்டி முதுகுல பலகை போகுது பாருங்க. எல்.வி. லாஸ்ட் வெஹிகிள். ராத்திரின்னா சிவப்பு விளக்கு.

பயணி: பலகைக்கா இவ்வளவு மரியாதை?

மாஸ்டர்: பலகை இல்லைன்னா, வேகன்களைப் பிணைக்கிற கப்ளிங் விட்டுப்போய் பாதி வண்டி வழியிலயே நிக்கலாம். உங்க பாசஞ்சர் போய் அதுலதான் முட்டும்.

பயணி: பலகை மட்டும் விழுந்திருந்தா?

மாஸ்டர்: விழுந்தது பலகையா வேகனான்னு எனக்கு எப்படித் தெரியும்? அடுத்த ஸ்டேஷன்ல கூட்ஸை நிறுத்திப் பார்க்கச் சொல்லணும். அதுவரைக்கும் பின்னாடி எதையும் விட முடியாது.

(போனில்) கேட் அடைச்சாச்சா? பிரைவேட் நம்பர்? 47. நாலு ஏழு.

பயணி: யாரோட பிரைவேட் நம்பர்? ரெண்டே இலக்கமா?

மாஸ்டர்: கேட்கீப்பர் சொல்றது, கேட் அடைச்சதுக்கு அத்தாட்சி. ஒரு தடவை சொன்ன நம்பரைத் தாள்ல கோடு போட்டு அடிச்சிடணும்.

பயணி: அப்ப எனக்கும் ஒரு நம்பர் குடுங்க, வண்டி வரும்னு.

மாஸ்டர்: வண்டி வரும். நம்பர் வராது.

பயணி: ஒரு வண்டிக்கும் அடுத்த வண்டிக்கும் நடுவுல சும்மாதானே இருக்கீங்க?

மாஸ்டர்: மேலிடத்துலயும் அப்படித்தான் எழுதி வெச்சிருக்காங்க, விட்டு விட்டு வர்ற வேலைன்னு. அதனாலதான் 8 மணி நேரம் இல்லாம 12 மணி நேர டியூட்டி.

(பாசஞ்சர் வந்து, ஏற்றிக்கொண்டு கிளம்புகிறது.)

பயணி: (வாசலில் தொங்கியபடி) சார், டாட்டா! இங்க பாருங்க சார்!

மாஸ்டர்: தலையை உள்ள இழுங்கய்யா, எல்வி மறையுது!